கடைமடையைக் காத்த கணவனும் மனைவியும்

உப்புத் தண்ணீரை எதிர்த்து சுப்ரீம் கோர்ட்டு வரை போன தம்பதியின் கதை

தஞ்சைச் சீமையில் பிறந்தவர்களுக்குக் "கடைமடை" என்றால் என்ன என்று சொல்ல வேண்டியது இல்லை. மற்றவர்களுக்குச் சொல்ல வேண்டும்.

குடகு மலையில் பிறக்கும் காவிரி, மேட்டூரில் தேங்கி, கல்லணைக்கு வந்து சேருகிறது. அங்கே காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய் என்று பிரிகிறது. வெண்ணாறு மறுபடியும் கிளை விடுகிறது. வெட்டாறு, வெள்ளையாறு, பாண்டவையாறு, ஓடம்போக்கி, கடுவையாறு, அரிச்சந்திரா நதி, அடப்பாறு என்று எத்தனையோ பெயர்கள். வெட்டாறு நாகூர் பக்கத்தில் கடலில் விழுகிறது. கடுவையாறு நாகப்பட்டினத்தில் விழுகிறது. வெள்ளையாறு வேளாங்கண்ணிக்குப் பக்கத்தில் விழுகிறது.

இந்த ஆறுகள் கடலைத் தொடுவதற்குச் சற்று முன்னால் இருக்கிற வயல்கள்தான் கடைமடை. மேட்டூர் அணையைத் திறந்தால் தண்ணீர் கடைசியாக வந்து சேருவது இங்கே. பற்றாக்குறை வந்தால் முதலில் காய்வதும் இங்கே. மேலே இருப்பவர்கள் குளித்து, துணி துவைத்து, பாய்ச்சி, மிச்சம் விட்டதுதான் இவர்களுக்கு.

ஆற்றுத் தண்ணீருக்கும் கடல் தண்ணீருக்கும் அங்கே தினமும் மல்யுத்தம் நடக்கிறது. அலை ஏறும்போது கடல், ஆற்றுக்குள் நுழையப் பார்க்கும். அதைத் தடுப்பதற்காகவே ஆறுகளின் கடைசியில் ரெகுலேட்டர்கள் கட்டி, கதவு போட்டிருக்கிறார்கள். கதவு மூடி இருந்தால் உப்பு வெளியே நிற்கும். நல்ல தண்ணீர் உள்ளே நிற்கும்.

அப்படிக் கதவு போட்டு வெளியே நிறுத்திய கடல் தண்ணீரை மோட்டார் வைத்து இறைத்து, கரைக்கு மேலே தூக்கி, வயல்களுக்கு நடுவே கொண்டுவந்து நிறுத்தினால் என்ன ஆகும்?

1990-களில் நடந்தது அதுதான். அதை எதிர்த்து நின்றவர்கள் ஒரு கணவனும் மனைவியும். கணவர் பெயர் ஜெகந்நாதன். மனைவி பெயர் கிருஷ்ணம்மாள்.

யார் இவர்கள்?

ஜெகந்நாதன் ராமநாதபுரம் ஜில்லாவில் வசதியான குடும்பத்தில் பிறந்தவர். கல்லூரியில் படித்துக்கொண்டு இருந்தார். 1930-ல் காந்தி அடிகளின் அழைப்பைக் கேட்டுப் படிப்பை விட்டுவிட்டு வெளியே வந்தார். "வெள்ளையனே வெளியேறு" போராட்டத்தில் ஜெயிலுக்குப் போனார்.

கிருஷ்ணம்மாள் பிறந்தது 1926-ல். ஒரு குழி நிலம்கூட இல்லாத தாழ்த்தப்பட்ட குடும்பம். தாயார் கூலி வேலை செய்து பிள்ளைகளை வளர்த்தார். காந்தி அடிகளின் வழியில் நின்ற டாக்டர் சௌந்தரம் அம்மையாரின் ஆதரவு கிடைத்தது. அதனால் கிருஷ்ணம்மாள் கல்லூரிப் படிப்பை முடித்தார். அந்தக் காலத்தில், அந்தக் குடும்பத்தில், ஒரு பெண் பட்டதாரி ஆவது சாதாரணமாக நடக்கிற காரியமா?

இருவரும் ஒருவரை ஒருவர் அறிந்தது காந்தியப் பணியில். "நாடு சுதந்திரம் அடைந்த பிறகுதான் கல்யாணம்" என்று முடிவு செய்து காத்திருந்தார்கள். 1950-ம் ஆண்டு ஜூலை மாதம் திருமணம் நடந்தது. பணக்கார வீட்டுப் பிள்ளைக்கும் ஏழை அரிசனப் பெண்ணுக்கும் நடந்த கலப்புத் திருமணம் அது.

பிறகு வினோபா பாவேயின் பூமிதான இயக்கம் வந்தது. "நிலம் இருப்பவர்கள் இல்லாதவர்களுக்குக் கொடுங்கள்" என்று கேட்டு, ஊர் ஊராக நடந்தே போன இயக்கம். கணவனும் மனைவியும் அதில் சேர்ந்து நடந்தார்கள். இவர்களுக்கு ஒரு மகன், ஒரு மகள். இருவருமே டாக்டருக்குப் படித்தார்கள். ஆனால் பெற்றோருக்கு என்று ஒரு சொத்து சேரவில்லை. அவர்கள் சேர்க்க நினைக்கவும் இல்லை.

வெண்மணித் தீ

1968-ம் ஆண்டு டிசம்பர் 25-ந் தேதி. கிழக்குத் தஞ்சையில், கீழவெண்மணி என்ற சிற்றூர். கூலி நெல்லைக் கொஞ்சம் கூட்டிக் கேட்டதில் மிராசுதார்களுக்கும் விவசாயத் தொழிலாளிகளுக்கும் தகராறு முற்றி இருந்தது. அன்று இரவு அடியாட்கள் ஊருக்குள் புகுந்தார்கள். பயந்த ஜனங்கள் ஒரு குடிசைக்குள் ஓடி ஒளிந்தார்கள். அந்தக் குடிசைக்குத் தீ வைக்கப்பட்டது. 44 பேர் கருகிச் செத்தார்கள். பெரும்பாலும் பெண்கள், குழந்தைகள்.

அந்தச் செய்தியைப் படித்துக் கண்ணீர் விட்டவர்கள் ஏராளம். கிருஷ்ணம்மாளும் ஜெகந்நாதனும் அந்தப் பகுதிக்கே குடி வந்துவிட்டார்கள்.

"கூலிக்காரன் கூலிக்காரனாகவே இருக்கும் வரை இந்தத் தகராறு தீராது. அவன் கையில் ஒரு ஏக்கர் நிலம் வேண்டும்" என்பது அவர்கள் எண்ணம். 1981-ல் "உழுபவனின் நில உரிமை இயக்கம்" என்ற சங்கத்தைத் தொடங்கினார்கள். லாப்டி என்று சுருக்கமாகச் சொல்வார்கள். அதன் வேலை என்ன தெரியுமா? நிலம் விற்க விரும்பும் மிராசுதாரரையும் நிலம் இல்லாத கூலிக்காரர்களையும் ஒரே பாயில் உட்கார வைப்பது. நியாயமான விலை பேசுவது. பாங்கியில் கடன் வாங்கிக் கொடுப்பது. பத்திரத்தைப் பெண்கள் பெயரில் எழுதுவது. பிறகு விளைச்சலில் இருந்து கடனை அடைப்பது.

ஆண்கள் பெயரில் எழுதினால் நிலம் எப்போது சாராயக்கடைக்குப் போகும் என்று சொல்ல முடியாது அல்லவா? கிருஷ்ணம்மாள் விவரம் தெரிந்தவர்.

இப்படி ஒரு ஏக்கர், ஒரு ஏக்கராகக் கொடுத்து, வருடங்கள் போகப் போக சுமார் 13 ஆயிரம் குடும்பங்கள் நிலச் சொந்தக்காரர்கள் ஆயின. பரம்பரை பரம்பரையாக அடுத்தவர் வயலில் குனிந்து நட்ட பெண்கள், தங்கள் வயலில் குனிந்து நட்டார்கள்.

ஒரு ஏக்கர் நிலத்தில் சம்பாவும் குறுவையும் விளைந்தால்தான் அது நிலம். தண்ணீர் கெட்டுவிட்டால்? பத்திரம் பெட்டியில் இருக்கும். சோறு பானையில் இருக்காது. தம்பதிக்கு இந்தச் சோதனைதான் வந்தது.

இறால் வந்தது

1991-ல் பொருளாதாரக் கொள்கை மாறியது. "ஏற்றுமதி செய்யுங்கள், டாலர் கொண்டு வாருங்கள்" என்று அரசாங்கம் சொன்னது. ஜப்பானிலும் அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் இறாலுக்கு நல்ல கிராக்கி. சென்னை, பம்பாய், ஐதராபாத், டெல்லி போன்ற நகரங்களில் இருந்து பெரிய கம்பெனிகள் கடற்கரைக்கு வந்தன. ஆந்திராவிலும் தமிழ்நாட்டிலும் கரையோர நிலங்களை மடக்கி வாங்கின.

தஞ்சை ஜில்லாவின் கிழக்குப் பகுதி 1991-ல்தான் பிரிந்து நாகை ஜில்லா ஆகி இருந்தது. காவிரியில் தண்ணீர் சரியாக வராத காலம். தமிழ்நாட்டுக்கும் கர்நாடகத்துக்கும் வழக்கு நடந்துகொண்டு இருந்தது. கடைமடை விவசாயி விதைத்துவிட்டு வானத்தைப் பார்த்துக்கொண்டு இருந்தான். அந்த நேரத்தில் ஒருவர் காரில் வந்து இறங்கி, ரொக்கம் கொடுக்கிறேன் என்றால் என்ன செய்வான்? பலர் விற்றார்கள். அவர்களைக் குறை சொல்வதில் நியாயம் இல்லை.

இறால் எங்களுக்கு வேண்டாத பொருளா என்று கேட்கலாம். இல்லவே இல்லை. சோழ நாட்டுக் கரையில் இறால் குழம்பு இல்லாத வீடு குறைவு. கழிமுகத்தில் அலை ஏறும்போது தானாக வரும் இறாலைப் பாத்தி கட்டி வளர்த்துப் பிடிப்பது வங்காளத்திலும் கேரளத்திலும் பழைய வழக்கம். கேரளத்தில் மழைக்காலத்தில் நெல், அறுத்த பிறகு அதே வயலில் இறால் என்று மாற்றி மாற்றிச் செய்வார்கள். அதனால் யாரும் கெட்டுப் போகவில்லை.

கம்பெனி முறை வேறு. அதை விவரமாகப் பார்க்க வேண்டும். வழக்கே அதில்தான் இருக்கிறது.

குட்டைக்குள் நடப்பது என்ன?

வயலை வெட்டி, நாலு பக்கமும் கரை எழுப்பிக் குட்டை ஆக்குவார்கள். கடலில் இருந்து மோட்டார் வைத்து உப்புத் தண்ணீரை இறைப்பார்கள். கடல் தண்ணீர் முழு உப்பு. வரி இறால் வேகமாக வளர, உப்பு பாதியாக இருந்தால் நல்லது. ஆகவே ஆழ்குழாய்க் கிணறு போட்டு, பூமிக்குள் இருக்கும் நல்ல தண்ணீரையும் இறைத்துக் கலப்பார்கள்.

அதில் பொரிப்பகத்தில் இருந்து வாங்கிய குஞ்சுகளை நெருக்கமாக விடுவார்கள். தீவனம் போடுவார்கள். மூச்சுக் காற்றுக்காகத் தண்ணீரைக் கலக்கிவிடும் சக்கரங்கள் இரவும் பகலும் சுழலும். நோய் வராமல் இருக்க மருந்து கொட்டுவார்கள். நாலு மாதத்தில் இறால் பிடிக்கத் தயார். குறுவை நெல்லுக்கும் கிட்டத்தட்ட அவ்வளவு நாள்தான். ஆனால் கையில் வரும் பணத்துக்கு ஏணி வைத்தாலும் எட்டாது.

தின்னாத தீவனமும் இறாலின் கழிவும் செத்த இறாலும் மருந்தும் குட்டையின் அடியில் சேறாகச் சேரும். தண்ணீர் அழுகும். ஆகவே அடிக்கடி பழைய தண்ணீரை வெளியே விட்டுப் புதிய தண்ணீரை ஏற்ற வேண்டும்.

வெளியே என்றால் எங்கே? பக்கத்தில் இருக்கும் வாய்க்காலுக்கு. வடிகாலுக்கு. உப்பனாற்றுக்கு. முன்னொரு காலத்தில் உப்புப் படகு போக வெட்டிய வேதாரண்யம் கால்வாய்க்கு. மாடு தண்ணீர் குடிக்கும் ஓடைக்கு.

இது ஒரு சேதம். மற்றொன்று கண்ணுக்குத் தெரியாதது. மாதக் கணக்கில் தேங்கி நிற்கும் உப்புத் தண்ணீர் கரை வழியாகவும் அடி வழியாகவும் ஊறும். பக்கத்து வயலில் முதலில் நெல்லின் நுனி காயும். நாற்று நட்ட புதிதில் வேர் பிடிக்காது. பூக்கும் சமயத்தில் உப்பு தாக்கினால் கதிர் பதராகப் போகும். நாற்றிலும் பூவிலும்தான் நெல்லுக்கு உப்பைத் தாங்கும் சக்தி குறைவு. மேலே வெள்ளை பூத்தால் அந்த வயல் உவர் ஆகிவிட்டது என்று அர்த்தம்.

கிணற்றிலும் அதே கதை. பூமிக்குள் நல்ல தண்ணீர் மேலேயும் கடல் தண்ணீர் அடியிலுமாக ஒன்றின் மேல் ஒன்று நிற்கிறது. மேலே இருப்பதை ஆழ்குழாயில் உறிஞ்சி எடுத்தால், அடியில் இருப்பது மேலே ஏறும். குடம் எடுத்துப் போன பெண்தான் அதை முதலில் கண்டுபிடிப்பாள். ஊர்க் கிணறு உப்பாகிவிட்டது! அடுத்த ஊருக்கு நடக்க வேண்டியதுதான்.

ஒருவன் வயல் கெட்டால் அவனும் விற்றுவிடுவான். வாங்குவது யார்? அதே கம்பெனி. இப்படி ஒரு குட்டை பத்துக் குட்டை ஆயிற்று.

நெல் வயலில் நடவு உண்டு, களை எடுப்பு உண்டு, அறுப்பு உண்டு, கதிர் பொறுக்குவதுகூட உண்டு. குட்டையில் என்ன வேலை? காவல்காரன், தீவனம் போட ஒருவன், மோட்டார் பார்க்க ஒருவன். நடவுப் பெண்கள் எங்கே போவார்கள்? கடலுக்குப் போகிற வழியை வேலி போட்டு அடைத்தபோது மீனவர்களும் சேர்ந்து தவித்தார்கள்.

தைவான் நாடு இதே பாதையில் முன்னால் போனது. பூமித் தண்ணீரை உறிஞ்சியதில் அங்கே கரையோர நிலமே கீழே இறங்கியது. 1987, 1988-ல் நோய் வந்து இறால் பண்ணைகள் சரிந்து விழுந்தன. அந்தப் பாடம் நமக்கு எட்டவில்லை.

அறப்போர்

1992-ல் கணவனும் மனைவியும் இந்தப் பிரச்சினையில் இறங்கினார்கள். ஜெகந்நாதனுக்கு அப்போது எண்பதை ஒட்டிய வயது. கிருஷ்ணம்மாளுக்கு 66. மற்றவர்கள் பேரன் பேத்திகளோடு பொழுது போக்கும் வயது.

இதுவரை எதிரில் நின்றவர்கள் உள்ளூர் மிராசுதார்கள். முகம் தெரியும். வீடு தெரியும். வாசலில் போய் உட்கார்ந்து பேசலாம். இப்போது எதிரில் நின்ற கம்பெனிகளின் தலைமை ஆபீசு எங்கோ இருந்தது. யார் வாசலில் போய் உட்காருவது?

ஆகவே ஊர்களைத் திரட்டினார்கள். ஊர்வலம் போனார்கள். உண்ணாவிரதம் இருந்தார்கள். குட்டை வெட்ட வந்த இடத்தில் மறியல் செய்தார்கள். முன்னால் நின்றவர்கள் பெண்கள். பத்திரம் அவர்கள் பெயரில் இருந்தது அல்லவா!

பதிலுக்கு அடியாட்கள் வந்தார்கள். சத்தியாக்கிரகிகள் அடிபட்டார்கள். குடிசைகள் எரிந்தன. வெண்மணியைப் பார்த்த ஜனங்களுக்குக் குடிசை எரிவது என்றால் என்ன என்று தெரியும். அப்படியும் கலையவில்லை. கொள்ளை அடித்தார்கள், தீ வைத்தார்கள் என்று போராடியவர்கள் மீதே வழக்குப் போட்டு ஜெயிலில் தள்ளினார்கள். ஆனாலும் பதிலுக்குப் பதில் கை ஓங்கக் கூடாது என்பதில் தம்பதி உறுதியாக இருந்தார்கள். என் கருத்தில், கடைசியில் அவர்களைக் கோர்ட்டில் காப்பாற்றியது அந்த உறுதியும்தான். கல் எறிந்திருந்தால் வழக்கு வேறு விதமாகப் போயிருக்கும்.

சுப்ரீம் கோர்ட்டில்

1994-ல் ஜெகந்நாதன், கிராம சுயராஜ்ய இயக்கத்தின் தலைவர் என்ற முறையில் டெல்லி சுப்ரீம் கோர்ட்டில் பொதுநல வழக்குப் போட்டார். வழக்கு எண் 561. கங்கை நதியை அசுத்தம் செய்த தொழிற்சாலைகள் மீது வழக்காடிப் பெயர் பெற்ற வக்கீல் எம்.சி. மேத்தா இவருக்காக ஆஜர் ஆனார்.

எதிர்த் தரப்பும் லேசுப்பட்டது அல்ல. "நாட்டுக்கு அந்நியச் செலாவணி வருகிறது. வேலை கிடைக்கிறது. தரிசு நிலத்தில்தானே செய்கிறோம்" என்று வாதாடினார்கள்.

யார் சொல்வது உண்மை? நீதிபதிகள் வாய்ப் பேச்சை நம்பவில்லை. நாகபுரியில் உள்ள தேசிய சுற்றுச்சூழல் பொறியியல் ஆராய்ச்சி நிலையத்துக்கு உத்தரவு போட்டார்கள். "நீரி" என்று அதைச் சொல்வார்கள். "நேரில் போய்ப் பாருங்கள். தண்ணீரையும் மண்ணையும் சோதித்து எழுதுங்கள்" என்றார்கள். விஞ்ஞானிகள் ஆந்திரா, தமிழ்நாடு கரையோரம் வந்து பார்த்தார்கள்.

1995-ம் ஆண்டு மே மாதம் இடைக்கால உத்தரவு வந்தது. விளைநிலத்தையும் உப்பளத்தையும் இனி இறால் பண்ணை ஆக்கக் கூடாது, பண்ணைக்காகப் பூமித் தண்ணீரை எடுக்கக் கூடாது, புதிய பண்ணை தொடங்கக் கூடாது என்று கோர்ட்டு சொல்லிவிட்டது.

"நீரி" விஞ்ஞானிகள் ஒரு கணக்கும் போட்டார்கள். இறால் விற்று வரும் பணம் ஒரு பக்கம். கெட்டுப்போன வயல், குடிதண்ணீர், மீன், காடு இவற்றின் மதிப்பு இன்னொரு பக்கம். எது அதிகம்? தமிழ்நாட்டிலும் ஆந்திராவிலும் வரவை விட நஷ்டமே அதிகம் என்று கணக்கு சொன்னது! வரவு கம்பெனிக்கு. நஷ்டம் ஊருக்கு.

1996 டிசம்பர் 11

அன்று தீர்ப்பு வந்தது. நீதிபதிகள் குல்தீப் சிங், சாகிர் அகமது இருவரும் வழங்கிய தீர்ப்பு. அதே ஆண்டு ஆகஸ்டில், பாலாற்றைக் கெடுத்த தோல் தொழிற்சாலைகள் மீதான வேலூர் வழக்கிலும் தீர்ப்புச் சொன்னவர் குல்தீப் சிங்தான். "அசுத்தம் செய்தவனே அதைச் சுத்தம் செய்யும் செலவையும் கொடுக்க வேண்டும்" என்பது அந்த வழக்கில் உறுதியான கொள்கை. இப்போது அது இறால் குட்டைக்கும் வந்தது.

1991-ம் ஆண்டு பிப்ரவரியில் மத்திய அரசாங்கம் ஒரு அறிவிக்கை வெளியிட்டு இருந்தது. அலை ஏறும் எல்லையில் இருந்து 500 மீட்டருக்குள் தொழிற்சாலை கட்டுவதைத் தடுக்கும் அறிவிக்கை. கப்பல் துறைமுகம் போல, கடலோரம் இருந்தே தீர வேண்டிய தொழிலுக்கு மட்டும் விலக்கு உண்டு. இறால் பண்ணை அந்த விலக்கில் வருமா? வராது என்றார்கள் நீதிபதிகள். அந்த எல்லைக்குள் உள்ள பண்ணைகளை 1997 மார்ச் 31-ந் தேதிக்குள் இடித்து அகற்ற வேண்டும்! பழைய பாரம்பரிய முறையில் வளர்ப்பவர்களுக்கு மட்டும் விலக்கு. பழவேற்காடு ஏரி, ஒரிசாவின் சில்கா ஏரி இவற்றைச் சுற்றி ஆயிரம் மீட்டர் வரை தடை.

விளைநிலம், உப்பளம், அலையாத்திக் காடு, சதுப்பு நிலம், ஊரின் பொது நிலம் எதையும் இறால் குட்டை ஆக்கக் கூடாது. நஷ்டம் அடைந்தவர்களுக்கு ஈடு கொடுக்க வேண்டும். கெட்ட மண்ணைத் திருத்தும் செலவையும் பண்ணைக்காரர்களிடம் வசூலிக்க வேண்டும்.

மூடப்படும் பண்ணைகளில் ஒரு வருடத்துக்குக் குறையாமல் வேலை பார்த்த கூலிக்காரர்களின் கதி என்ன? அவர்களையும் நீதிபதிகள் மறக்கவில்லை. சட்டப்படி தர வேண்டிய ஈட்டுத் தொகைக்கு மேல், ஆறு வருடச் சம்பளத்தையும் சேர்த்துக் கொடுக்கச் சொன்னார்கள். தீர்ப்பில் எனக்கு மிகவும் பிடித்த இடம் இதுதான்.

கடைமடையில் சந்தோஷத்துக்குக் கேட்கவா வேண்டும்? ஆனால் அது நெடுநாள் நீடிக்கவில்லை.

சட்டம் மாறியது

பண்ணைக்காரர்கள் மறு ஆய்வு மனுப் போட்டார்கள். இடிக்கும் வேலை நின்றது. 1997 மார்ச்சில் மத்திய அரசாங்கம் ஒரு புதிய மசோதாவை ராஜ்ய சபையில் நிறைவேற்றியது. அது லோக் சபையைத் தாண்டவில்லை. வருடங்கள் ஓடின.

2005-ல் "கடலோர நீர்வாழ் உயிரின வளர்ப்பு ஆணையச் சட்டம்" வந்தது. பெயர் நீளம். விஷயம் சுருக்கம். கோர்ட்டு எந்த 500 மீட்டர் அறிவிக்கையை வைத்துத் தீர்ப்புச் சொன்னதோ, அந்த அறிவிக்கை இறால் பண்ணையைக் கட்டுப்படுத்தாது என்று சட்டமே எழுதிவிட்டது. லைசென்சு வாங்கினால் நடத்தலாம். அலை எல்லையில் இருந்து 200 மீட்டருக்குள் புதிய பண்ணைக்கு லைசென்சு கிடையாது. முன்பே இருக்கும் பண்ணைக்கு அந்தத் தடையும் பொருந்தாது.

அப்படியானால் தம்பதி தோற்றுவிட்டார்களா? அப்படிச் சொல்ல மாட்டேன். தொழில் நடக்க வேண்டும் என்று எழுதிய சட்டத்திலேயே லைசென்சும் சோதனையும் நுழைந்தது அந்த வழக்கால்தான். அதற்கு முன்னால் கேட்பார் இல்லை. ஆனால் முழுவதும் ஜெயித்தார்கள் என்று எழுதினால் அதுவும் பொய்.

கம்பெனிகளை இன்னொரு எதிரியும் விரட்டியது. 1994, 1995-ல் வெள்ளைப்புள்ளி நோய் வந்து குட்டை குட்டையாக இறால் செத்தது. பல கம்பெனிகள் நிலத்தைப் போட்டுவிட்டுப் போயின. உப்பு ஊறிய மண் மட்டும் ஊரோடு நின்றது.

அந்த மண்ணைத் திருப்ப முடியுமா? முடியும், ஆனால் நல்ல தண்ணீர் வேண்டும். 2004-ம் ஆண்டு டிசம்பர் 26-ல் சுனாமி வந்தபோது நாகைக் கரையோர வயல்களில் கடல் ஏறியது. மழைத் தண்ணீரைக் கட்டி, உப்பைக் கரைத்து வடித்து, ஜிப்சம் போட்டு, தக்கைப்பூண்டு விதைத்து மடக்கி உழுது, பல வயல்களை மீட்டார்கள். கடல் ஒரு நாள் வந்து போனது. அதனால் முடிந்தது. வருடக் கணக்கில் நிற்கும் குட்டைக்குப் பக்கத்தில் அதே வேலை எவ்வளவு கஷ்டம் என்று விவசாயியிடம் கேட்டால் சொல்வார்.

விருதும் வீடும்

2008-ல் தம்பதிக்கு "ரைட் லைவ்லிஹூட்" விருது கிடைத்தது. ஸ்வீடன் நாட்டில் கொடுப்பது. மாற்று நோபல் பரிசு என்று உலகம் அதை அழைக்கிறது. கிருஷ்ணம்மாளுக்கு இந்திய அரசாங்கம் 1989-ல் பத்மஸ்ரீ கொடுத்தது. 2020-ல் பத்மபூஷண் கொடுத்தது.

முதிய வயதில் கிருஷ்ணம்மாளின் கவலை வீட்டைப் பற்றியது. நிலம் வாங்கிய குடும்பங்கள் இன்னும் மண் குடிசையில் இருக்கின்றன, மழை வந்தால் கரைகிறது, அதற்குப் பதில் செங்கல் வீடு வேண்டும் என்று அலைந்தார். ஜெகந்நாதன் 2013-ம் ஆண்டு பிப்ரவரி மாதம் காலமானார்.

இறால் தொழிலும் மாறிவிட்டது. வரி இறாலின் இடத்தைப் பெரும்பாலும் "வனாமி" பிடித்துக்கொண்டது. அமெரிக்கக் கண்டத்தில் இருந்து வந்த இறால் அது. 2009-ல் இந்தியாவில் அனுமதி கிடைத்தது. இப்போது குட்டை வைப்பவர்களில் பெரிய கம்பெனிகள் மட்டும் இல்லை. கடன் வாங்கி இரண்டு குட்டை போட்ட உள்ளூர்க்காரர்களும் உண்டு. 1992-ல் இருந்ததைவிட இது சிக்கலான விஷயம். பக்கத்து வயல்காரனும் குட்டைக்காரனும் ஒரே தெருவாக இருக்கலாம், மாமன் மச்சானாகக்கூட இருக்கலாம்.

கடற்கரை ஊர்க்காரர்கள் ஒன்று தெரிந்துகொள்ளுங்கள். இறால் பண்ணைக்கான மனுவைப் பரிசீலிக்கும் மாவட்டக் குழுவுக்குக் கலெக்டர்தான் தலைவர். பண்ணைக்கு லைசென்சு உண்டா, கழிவுத் தண்ணீரை எந்த வாய்க்காலில் விடுகிறார்கள் என்று கேட்டு யார் வேண்டுமானாலும் அவருக்கு மனு எழுதலாம். ஒரு வெள்ளைத் தாளும் ஊரார் கையெழுத்தும் போதும். மனுவோடு இரண்டு பாட்டில் தண்ணீரும் கொண்டு போங்கள். ஒன்று வாய்க்கால் தண்ணீர். மற்றொன்று ஊர்க் கிணற்றுத் தண்ணீர்.